தும்மலுக்குச் செம்பருத்தியை வெட்டாதீர்கள்: குமரி மாவட்டத்துக்குப் புதிதாக வந்தவர்களுக்கு

பக்கத்து வீட்டுக்குச் சென்னையிலிருந்து மாற்றலாகி ஒரு குடும்பம் வந்தது. வாசலில் ஆள் உயரத்துக்கு ஒரு செம்பருத்தி, மதிலோரம் மஞ்சளாகப் பூத்துக் கிடக்கும் அலமாண்டா. வந்த மூன்றாம் மாதம் வீட்டுக்காரருக்குக் காலைத் தும்மல் ஆரம்பித்தது. எழுந்ததும் பத்துப் பன்னிரண்டு தும்மல், மூக்கில் நீர், கண்ணில் அரிப்பு. "இந்தச் சிவப்புப் பூதான் சார் அலர்ஜி" என்று யாரோ சொல்லிவிட்டார்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை என்னிடம் வெட்டோத்தி (வெட்டுக்கத்தியை இங்கே அப்படித்தான் சொல்வோம்) வாங்கிப்போய்ச் செம்பருத்தியைத் தரையோடு வெட்டினார். இருக்கட்டும் என்று அலமாண்டாவையும் சேர்த்து வெட்டினார். தும்மல் நிற்கவில்லை. மறுநாள் இரண்டு முன்கையிலும் கழுத்திலும் சிவந்து தடித்துக் கொப்புளம் வந்ததுதான் மிச்சம்.

குமரி மாவட்டத்துக்குப் புதிதாக வந்து, வீட்டைச் சுற்றி நான்கு சென்ட் மண்ணும் பத்துப் பூச்செடியும் கிடைத்தவர்களுக்காக இதை எழுதுகிறேன். இங்கே தென்மேற்குப் பருவமழையும் உண்டு, வடகிழக்குப் பருவமழையும் உண்டு. குச்சியை ஊன்றினால் துளிர்க்கும். அதனால் எந்த வீட்டிலும் செடிக்குக் குறைவில்லை, செடியால் வரும் சொறிச்சலுக்கும் குறைவில்லை. நான் மருத்துவர் இல்லை. முப்பது வருடம் செடி வளர்த்து, வெட்டி, சொறிந்து, தோல் டாக்டரிடம் திட்டு வாங்கிக் கற்றுக்கொண்டதைச் சொல்கிறேன்.

முதலில் பூவின் மேல் உள்ள சந்தேகத்தைக் கொஞ்சம் தள்ளி வையுங்கள். நிறமும் மணமும் காட்டி நிற்கும் பூ, பூச்சிக்கும் குருவிக்கும் கடை விரித்திருக்கிறது. அதன் மகரந்தம் கனமானது, ஒட்டும் தன்மையுள்ளது. வண்டின் காலில் ஒட்டிக்கொண்டு போவதற்கென்றே உண்டானது. செம்பருத்தியின் மகரந்தத் தூள் ஒவ்வொன்றும் நூறு மைக்ரானுக்கு மேல் இருக்கும், தலைமுடியின் தடிமனை விடப் பெரிது. அது காற்றில் மிதந்து படுக்கையறைக்குள் வந்து மூக்கில் ஏறுவது அபூர்வம். தும்ம வைக்கிற மகரந்தம் பெரும்பாலும் கண்ணுக்கே தெரியாத பூக்களிலிருந்து வருகிறது. புல், சவுக்கு, வேலிக்கருவை, ஆமணக்கு, முள்ளுக்கீரை, தென்னை எல்லாம் அந்த வகை. பூச்செடியால் வரும் தொல்லை பெரும்பாலும் மூக்கில் இல்லை, தோலில்தான். அதுவும் பூவால் அல்ல, ஒடித்தால் வடியும் பாலால்.

கடிகாரத்தைப் பார்த்துத் தொடங்குங்கள்

உடம்பில் ஏதாவது வந்தால் முதலில் கேட்க வேண்டியது, செடியைத் தொட்டு எவ்வளவு நேரம் கழித்து வந்தது என்பதுதான். இந்த ஒரு கேள்வியிலேயே பாதி விஷயம் பிரிந்துவிடும்.

சில நிமிடங்களில், அதிகம் போனால் ஒன்றிரண்டு மணி நேரத்தில், கொசு கடித்தது போலத் தடிப்புத் தடிப்பாக எழும்பி, தும்மலோ மூச்சிறைப்போ சேர்ந்து வந்தால் அது உடனடி ஒவ்வாமை. தடிப்பு சில மணி நேரத்தில் அடங்கி இன்னொரு இடத்தில் கிளம்பும். ஆபத்தான வகை இதுதான் என்பதால் இதைப் பற்றித் தனியாகப் பிறகு சொல்கிறேன்.

தொட்ட அன்று ஒன்றுமே இல்லை, ஒரு நாளோ மூன்று நாளோ கழித்துச் சிவந்து அரித்துக் கொப்புளம் வருகிறது என்றால் அது தாமதமாக வரும் தொடுதல் ஒவ்வாமை. புதியவர்கள் ஏமாறுவது இதில்தான். திங்கட்கிழமை அரிக்கும்போது ஞாயிற்றுக்கிழமை சாப்பிட்ட இறாலைத்தான் சந்தேகப்படுவார்கள், சனிக்கிழமை வெட்டிய வேலி நினைவுக்கு வராது. இதில் இன்னொரு விஷயமும் உண்டு. உடம்பு ஒரு பொருளை எதிரியாகக் குறித்து வைக்கக் குறைந்தது பத்து நாளாவது ஆகும். சிலருக்கு வருடக்கணக்கில் ஆகும். அதனால் முதல் தடவை தொட்டபோது ஒன்றும் வராது. "பத்து வருஷமா இந்தச் செடியைத்தான் தொடுறேன், எனக்கா அலர்ஜி?" என்று கேட்பவருக்கு, ஆமாம், பதினோராவது வருடம் வரலாம்.

மூன்றாவது ஒன்று இருக்கிறது. அது ஒவ்வாமையே இல்லை, வெறும் எரிச்சல். கள்ளிப்பால் யார் மேல் பட்டாலும் எரியும். காஞ்சொறியைத் தொட்டால் தாசில்தாருக்கும் அரிக்கும், தோட்டக்காரருக்கும் அரிக்கும். பட்ட இடத்தில் மட்டும், பட்ட அளவுக்கு. நம் ஊரில் "அலர்ஜி" என்று சொல்லப்படுவதில் பெரும்பங்கு இதுதான் என்பது என் எண்ணம். பக்கத்து வீட்டுக்காரருக்கு வந்ததும் அநேகமாக இதுவே.

விஷம் என்பது இவை மூன்றிலும் சேராதது. அதைக் குழப்பிக்கொள்ளக் கூடாது. அரளி தோலில் பட்டால் சிலருக்கு மட்டும் அரிக்கும். வயிற்றுக்குள் போனால் எல்லோருக்கும் ஆபத்து.

தோட்டத்தைச் சுற்றி ஒரு நடை

இரண்டாவது வேலை, ஒரு தாளும் பேனாவும் எடுத்துக்கொண்டு வீட்டைச் சுற்றி வருவது. ஒவ்வொரு செடியிலும் ஒரு இலைக்காம்பை ஒடித்துப் பாருங்கள். கையுறை இல்லாவிட்டால் பழைய துணியால் பிடித்து ஒடியுங்கள். வெள்ளையாகப் பால் வடிந்தால் தாளில் சிவப்பு மையில் எழுதுங்கள். பெயர் தெரியாவிட்டாலும் பரவாயில்லை, "கிணற்றோரம், மஞ்சள் பூ, பால் உண்டு" என்று குறித்தால் போதும்.

பால் செடிகள் நம் வீடுகளில் எவ்வளவு என்று அப்போதுதான் தெரியும். மேற்கே கோளாம்பிப்பூ என்று சொல்லும் அலமாண்டா, நந்தியாவட்டை, மஞ்சள் அரளி, ஈழத்தலரி, தொட்டியில் குண்டு அடியோடு நிற்கும் அடீனியம் எல்லாம் அரளிக் குடும்பம். அடீனியத்தின் சாற்றை ஆப்பிரிக்காவில் அம்பு முனையில் விஷமாகத் தடவியிருக்கிறார்கள், நாம் அதை வரவேற்பறையில் வைத்திருக்கிறோம். கிறிஸ்து முள், கிறிஸ்துமஸ் சமயத்தில் சிவப்பு இலையோடு விற்கும் பாயின்செட்டியா, திருகுகள்ளி மூன்றும் கள்ளிக் குடும்பம். இந்தக் குடும்பத்தின் பால்தான் தோலுக்கும் கண்ணுக்கும் மிக மோசம். வேலியில் தானாக முளைக்கும் எருக்கையும் இதோடு சேருங்கள். எருக்கம்பால் கண்ணில் விழுந்தால் சில சமயம் முதலில் வலி பெரிதாகத் தெரியாது, பார்வை மட்டும் மங்கும். வலி இல்லையே என்று இருந்துவிடுவார்கள். இருக்கக் கூடாது.

நந்தியாவட்டையைப் பற்றி ஒரு வார்த்தை. பூவைக் கண்ணில் ஒற்றிக்கொள்வது பழைய வழக்கம், எங்கள் பாட்டியும் செய்தார். பறிக்கும்போதே காம்பில் பால் வருவதை அவர் பார்த்திருப்பார், கழுவியும் இருப்பார். இன்றைக்கு அந்தக் கவனம் யாருக்கும் இல்லை. கண்ணுக்கு அது வேண்டாம்.

அரளி. செவ்வரளி, வெள்ளை அரளி, மஞ்சள் அரளி மூன்றும் இந்த மாவட்டத்தில் எங்கும் உண்டு. தோவாளைச் சந்தையில் மூட்டை மூட்டையாக விற்பதும் அரளிதான். மூன்றிலும் இதயத் துடிப்பைக் குலைக்கும் நச்சு இருக்கிறது. நமக்கு மேற்கே, திருவிதாங்கூர் தேவஸ்வம் போர்டு 2024 மே மாதம் நைவேத்தியத்திலும் பிரசாதத்திலும் அரளிப்பூவைத் தவிர்க்க முடிவெடுத்ததைச் செய்தியில் படித்திருப்பீர்கள். தொட்டாலே செத்துப்போவோம் என்று பயப்பட வேண்டாம். மாலை கட்டுகிறவர்கள் தினமும் தொடுகிறார்கள். கை கழுவாமல் சாப்பிடாதீர்கள், பச்சைக் காயோடு குழந்தைகளை விளையாட விடாதீர்கள். பூவோ விதையோ யாராவது தின்றுவிட்டால், ஒன்றும் செய்யவில்லை என்றாலும் காத்திருக்காமல் மருத்துவமனைக்குக் கொண்டு போங்கள். உப்புத் தண்ணீர் கொடுத்து வாந்தி எடுக்க வைக்காதீர்கள்.

பால் இல்லாமலும் தொல்லை தரும் செடிகள் உண்டு. நீலப்பூக் கொடிவேலி வேலிக்கு அழகுதான், ஆனால் கொடிவேலி இனத்தின் வேரில் இருக்கும் சாறு தோலைப் பொசுக்கிக் கொப்புளமாக்கும். பிடுங்கும்போதுதான் ஆபத்து, பூக்கும்போது இல்லை. உண்ணிச்செடியின் இலை சொரசொரப்பு சிலருக்கு அரிக்கும். காகிதப்பூவில் முள்தான் பிரச்சினை. முள் கீறிய கோடுகளில் மறுநாள் வரும் சிவப்பை அலர்ஜி என்று நினைத்து மாத்திரை விழுங்குவார்கள். செவ்வந்திக்கு உண்மையான ஒவ்வாமை உண்டு. பூக்கட்டுகிறவர்களுக்கு விரல் நுனி வெடித்து உரிவதற்கு அது ஒரு காரணம். குரோட்டன்ஸ் பூவுக்காக வைப்பதில்லை என்றாலும் எல்லா வீட்டிலும் நிற்பதால் சொல்கிறேன், அதன் சாறும் சிலருக்கு ஆகாது. ஊமத்தை வெட்டிய கையால் கண்ணைத் தேய்த்தால் அந்தக் கண்ணின் கருமணி விரிந்து ஒரு நாள் முழுக்க வெளிச்சம் கூசும். பக்கவாதமோ என்று வீடே பதறும்.

பிச்சியும் மல்லிகையும் பெரும்பாலோருக்கு ஒன்றும் செய்யாது. பூ வைத்தால் பிடரியில் அரிக்கிறது என்று சொல்லும் பெண்களிடம் நான் முதலில் கேட்பது, கிளிப் என்ன உலோகம், தலைக்குச் சாயம் அடித்து எத்தனை நாள் ஆயிற்று என்பதுதான். நிக்கலும் தலைச்சாயமும் பூவை விடப் பல மடங்கு சந்தேகத்துக்குரியவை. அப்புறம் பூவில் அடித்த பூச்சிமருந்து. வாங்கிய பூவுக்கு அரித்து, வீட்டுக் கொடியில் பறித்த பூவுக்கு அரிக்காவிட்டால் விடை கிடைத்துவிட்டது.

வேலியில் செடியோடு செடியாக ஒளிந்திருக்கும் மூன்று பேரையும் அறிந்து வையுங்கள். காஞ்சொறி மழைக்குப் பிறகு தெற்றிக்குள்ளும் (இட்லிப்பூச் செடியை இங்கே அப்படித்தான் சொல்வோம்) செம்பருத்திக்குள்ளும் பின்னிக்கொண்டு ஏறும். பூனைக்காலியின் காய்ச்சுணை வெயில் காலத்தில் காற்றிலேயே பறக்கும். மூன்றாவது கம்பளிப்பூச்சி. மழைக்காலத்தில் முருங்கை மரத்தில் கூட்டமாக அப்பிக் கிடந்து, கீழே இருக்கும் செடிமேல் ரோமத்தை உதிர்க்கும். அடியில் நிற்கும் தெற்றிமேல் பழி விழும். தெற்றிப்பூவைப் பறித்துத் தேன் உறிஞ்சி வளர்ந்தவர்கள் நாங்கள், அது ஒரு பாவமும் அறியாது.

உங்கள் தொழிலும் கணக்கில் சேரும்

இந்த மாவட்டத்துக்கே உரிய ஒரு விஷயம். அண்டியாபீஸ் என்று ஊரில் சொல்லும் முந்திரி ஆலையில் வேலை செய்தவர் வீட்டில் இருக்கிறாரா? முந்திரிக் கொட்டையின் ஓட்டில் இருக்கும் எண்ணெய் கையைப் பொசுக்கும் என்பது அவர்களுக்கு யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. அந்த எண்ணெய்க்கு ஒருமுறை ஒவ்வாமை பழகிவிட்ட உடம்பு மாங்காய்ப் பாலுக்கும் சேராங்கொட்டைக்கும் அதே மாதிரி கிளம்பும். மாவும் கொல்லாமா என்று இங்கே சொல்லும் முந்திரியும் சேராங்கொட்டையும் ஒரே குடும்பம். மாம்பழச் சீசனில் வாயைச் சுற்றி வெடிப்பு வருகிறது, சூடு என்று சொல்கிறார்கள் என்றால், பழத்தின் மேல் சூட்டைப் போடுவதற்கு முன் காம்புப் பாலை நினையுங்கள். காம்பை வெட்டிக் கவிழ்த்து வைத்து, கழுவி, தோல் சீவிச் சாப்பிட்டால் பலருக்கு ஒன்றும் வராது. எங்கள் சித்தி அப்படித்தான் இன்றும் சாப்பிடுகிறார்.

ரப்பரும் அப்படியே. பால்வெட்டும் வேலையில் இருந்தவர்களிலும், ரப்பர் கையுறை நாள் முழுக்கப் போடும் நர்ஸ்களிலும் சிலருக்கு ரப்பர் ஒவ்வாமை வரும். அவர்களுக்கு வாழைப்பழமோ பப்பாளியோ தின்றால் வாய் அரிக்கலாம், பாயின்செட்டியாப் பாலும் ஒத்துக்கொள்ளாமல் போகலாம். இவர்கள் தோட்ட வேலைக்கு ரப்பர் கையுறை போடுவது எண்ணெயை ஊற்றித் தீயை அணைப்பது போல.

காற்றில் வருவது

தும்மல், கண் அரிப்பு, இரவு இருமல், இவை உள்ளவர்கள் செடியை விட்டுவிட்டுக் காற்றைப் பாருங்கள். ஆரல்வாய்மொழிக் கணவாய் வழியாக ஆனி ஆடியில் அடிக்கும் காற்று சாதாரணக் காற்று இல்லை, முப்பந்தலில் காற்றாலைகளை நட்டதே அதை நம்பித்தான். அந்த மாதங்களில் தோவாளை, ஆரல்வாய்மொழிப் பக்கம் குடியிருப்பவர் வீட்டுக்குள் வரும் தூசி அவர் தோட்டத்துத் தூசியாக இருக்க வேண்டிய அவசியமே இல்லை. தென்னையோ மாதத்துக்கு ஒன்று என்கிற கணக்கில் வருடம் முழுக்கப் பாளை விடும். குமரியில் தென்னை இல்லாத இடம் தேடிக் குடிபோக முடியாது. ஆனால் படுக்கையறை ஜன்னலுக்கு நேரே பாளை இருந்தால், அறையை மாற்றிப் படுக்கலாம்.

காலி மனையில் வெள்ளை வெள்ளையாகப் பூத்து நிற்கும் பார்த்தீனியத்தைத் தனியாகக் கவனியுங்கள். 1950களில் புனே பக்கம் கண்ணில் பட்ட களை, இன்று நாடெங்கும் இருக்கிறது. அதன் துகள் காற்றில் வந்து கண் இமை, கழுத்து, முழங்கை மடிப்பு என்று வெளியில் தெரியும் இடங்களில் அரிப்பைத் தரும். வெயில் ஒத்துக்கொள்ளவில்லை என்று வருடக்கணக்கில் குடை பிடித்துக்கொண்டு நடந்தவர்கள் உண்டு. செவ்வந்தியும் பார்த்தீனியமும் ஒரே குடும்பம் என்பதால் ஒன்றுக்குப் பழகிய ஒவ்வாமை இன்னொன்றுக்கும் தாவலாம். பூப்பதற்கு முன், மண் ஈரமாக இருக்கும்போது, கையுறை போட்டு வேரோடு பிடுங்க வேண்டும்.

மணம் வேறு கதை. இரவுராணி, ஏழிலைப்பாலை மாதிரி இரவில் மணம் வீசுகிறவை சிலருக்குத் தலைவலியையும் ஆஸ்துமாக்காரருக்கு இழுப்பையும் தரும். அது மூக்கின் எரிச்சல், ஒவ்வாமை இல்லை. பாலை பூக்கும் காலத்தில் அந்தப் பக்கம் போகாதே, யட்சி பிடிக்கும் என்று எங்களைச் சின்ன வயதில் மிரட்டுவார்கள். ஆஸ்துமா உள்ளவருக்கு அது நல்ல யோசனைதான்.

பதினைந்து நாள் குறிப்பு

சந்தேகத்தை நிரூபிக்கச் செடியை வெட்ட வேண்டாம், ஒரு நோட்டு போதும். தினமும் நான்கு விஷயம் எழுதுங்கள்: எப்போது வந்தது, உடம்பில் எந்த இடம், அதற்கு முன் மூன்று நாளில் எந்தச் செடியைத் தொட்டீர்கள், அன்றைக்குக் காற்றா மழையா. மூன்று நாள் என்பதை மறக்காதீர்கள். வெளியூர் போனால் அதையும் எழுதுங்கள்.

பக்கத்து வீட்டுக்காரர் கடைசியில் எழுதினார். விடை இரண்டாவது வாரமே தெரிந்தது. தும்மல் எழுந்த அரை மணிக்குள் வருகிறது, அலுவலகத்தில் இல்லை, சொந்த ஊருக்குப் போன நான்கு நாளும் இல்லை. தோட்டத்தில் நின்றபோது ஒருமுறைகூட இல்லை. கட்டிலைச் சுவரிலிருந்து நகர்த்திப் பார்த்தால் சுவர் முழுக்க ஈரம் காத்துப் பூஞ்சை, மெத்தை ஐந்து வருடப் பழசு. நம் ஊர் ஈரப்பதத்தில் மெத்தைத் தூசியில் வாழும் தூசிப்பேன்களுக்குக் கொண்டாட்டம். உறைகளை வாரம் ஒருமுறை வெந்நீரில் துவைத்து, சுவரைச் சரிசெய்த பிறகு தும்மல் பாதிக்கு மேல் குறைந்தது. செம்பருத்தி போனது போனதுதான்.

வெட்டத்தான் வேண்டுமென்றால்

செடி என்றால் கவாத்து உண்டு. சாரத்தை (கைலியை) மடித்துக் கட்டிக்கொண்டு வெறும் உடம்போடு இறங்குவது வாழைக்குச் சரி, பால் செடிக்குச் சரியில்லை. முழுக்கைச் சட்டை, பேன்ட், மூடிய செருப்பு. கையுறை நைட்ரைல் என்று கேட்டு வாங்குங்கள். துணிக் கையுறை பாலை உறிஞ்சித் தோலோடு சேர்த்து அழுத்தி வைத்துக்கொள்ளும், அதைப் போடாமலே இருக்கலாம். கள்ளி, எருக்கு, அலமாண்டா வெட்டும்போது கண்ணாடி அவசியம். தலைக்கு மேலே இருக்கும் கிளையை அண்ணாந்து பார்த்தபடி வெட்டாதீர்கள், பால் நேரே கண்ணுக்குத்தான் சொட்டும்.

ரப்பரை விடியும் முன் வெட்டுவது அப்போதுதான் பால் நிறைய ஓடும் என்பதால். மற்ற பால் செடிக்கும் அதே கணக்கு உண்டு என்பது என் அனுபவம். அதனால் நான் அலமாண்டாவைச் சாயங்காலம்தான் வெட்டுவேன்.

வெட்டுவதற்கு முன் ஒரு நீளக் குச்சியால் செடியைத் தட்டிவிட்டுக் கொஞ்ச நேரம் தள்ளி நில்லுங்கள். உள்ளே கடந்தல் (குளவி) கூடு இருந்தால் தெரிந்துவிடும். கடந்தலும் தேனீயும் கொட்டுவதால் வரும் ஒவ்வாமை, எந்தப் பூவின் ஒவ்வாமையையும் விடக் கொடியது. மார்த்தாண்டம் பக்கம் தேன்பெட்டி வைத்திருக்கும் தோட்டத்தை ஒட்டி வீடு என்றால் இதை இன்னும் கவனியுங்கள்.

வெட்டியதை எரிக்காதீர்கள். அரளிப் புகையும் பார்த்தீனியப் புகையும் கண்ணுக்கும் மூச்சுக்கும் கெடுதல். பூனைக்காலியை எரித்தால் தெருவே சொறியும். குழி வெட்டி மூடுங்கள். ஆடு மாடு எட்டும் இடத்தில் அரளியையும் உண்ணிச்செடியையும் போடாதீர்கள். முடிந்ததும் கத்தியைச் சமையல் எண்ணெய் தொட்ட துணியால் துடைத்து, சோப்பு போட்டுக் கழுவுங்கள். துணிகளைத் தனியாக அலசுங்கள். முகம் துடைத்த துவர்த்தையும் (துண்டையும்) சேர்த்துத்தான். நான் ஒருமுறை அதை மறந்தேன், மறுநாள் குளித்துவிட்டு அதே துவர்த்தால் முதுகைத் துடைத்தேன். முதுகு ஒரு வாரம் படுத்தியது.

பட்டுவிட்டால்

தோலில் பால் பட்டால் முதலில் உலர்ந்த துணியால் தேய்க்காமல் ஒற்றி எடுங்கள். பிறகு சோப்பு போட்டு ஓடும் தண்ணீரில் நன்றாகக் கழுவுங்கள். நகத்துக்கடியிலும், மோதிரத்துக்கடியிலும். அப்புறம் ஈரத் துணி ஒத்தடம், கலமைன் லோஷன். மஞ்சளும் வேப்பிலையும் அரைத்துப் போடும் பழக்கம் இங்கே உண்டு. வெடித்த தோலில் மஞ்சளே சிலருக்குப் புதிய ஒவ்வாமையைத் தரும், அதனால் வேண்டாம் என்பேன். எலுமிச்சைச் சாறு தேய்த்து வெயிலில் நிற்பது இன்னும் மோசம், கருத்த தழும்பு மாதக்கணக்கில் மறையாது.

கண்ணில் பட்டால், வேறு எதையும் யோசிக்காமல் குழாயடிக்குப் போய்க் கண்ணைத் திறந்து பிடித்துப் பதினைந்து இருபது நிமிடம் தண்ணீர் ஓட விடுங்கள். கான்டாக்ட் லென்ஸ் இருந்தால் கழற்றிவிடுங்கள். தாய்ப்பால், விளக்கெண்ணெய், பன்னீர் எதுவும் வேண்டாம். கழுவி முடித்த கையோடு கண் டாக்டரிடம் போங்கள், எந்தச் செடி என்று சொல்லுங்கள். முடிந்தால் ஒரு இலையைப் பிளாஸ்டிக் பையில் போட்டு எடுத்துக்கொண்டு போங்கள்.

கம்பளிப்பூச்சி ரோமத்தைச் சொறியாதீர்கள், உள்ளே இறங்கும். செல்லோ டேப்பை ஒட்டி ஒட்டி உரித்து எடுத்துவிட்டுக் கழுவுங்கள். காஞ்சொறிக்கும் இந்த முறை உதவும்.

தடிப்போடு சேர்ந்து குரல் மாறுகிறது, தொண்டை அடைக்கிறது, உதடோ நாக்கோ வீங்குகிறது, மூச்சு இழுக்கிறது, தலை சுற்றி விழப் போகிறார், இவற்றில் ஏதாவது ஒன்று தெரிந்தாலே 108ஐக் கூப்பிடுங்கள். பைக்கில் நடுவில் உட்கார வைத்துக் கொண்டு போகாதீர்கள். படுக்க வைத்துக் காலைச் சற்று உயர்த்துங்கள், மூச்சு முட்டினால் மட்டும் சாய்ந்து உட்காரட்டும். எழுந்து நடக்க விடாதீர்கள். அந்த நேரத்தில் உயிரைக் காப்பது தொடையில் போடும் அட்ரினலின் ஊசி. செட்டிரிசின் மாத்திரையைக் கொடுத்துவிட்டுக் காத்திருப்பது நேரத்தை வீணாக்குவது.

தோல் டாக்டரிடம் போகும்போது

அரிப்பு இரண்டு வாரத்துக்கு மேல் நீடித்தாலோ, முகத்திலும் இமையிலும் வந்தாலோ, சீழ் வைத்தாலோ போய்விடுங்கள். ஆசாரிபள்ளம் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் தோல் பிரிவு இருக்கிறது. உங்கள் நோட்டையும் செடிகளின் போட்டோவையும் கொண்டு போங்கள்.

சோதனை இரண்டு வகை. தாமத ஒவ்வாமைக்கு முதுகில் சிறு சிறு ஒட்டுகள் ஒட்டி, 48 மணி நேரம் கழித்து எடுத்துப் பார்ப்பார்கள், அதன்பின் இன்னும் ஒருமுறை பார்ப்பார்கள். அதுவரை முதுகில் தண்ணீர் படக் கூடாது. குமரிப் புழுக்கத்தில் இது ஒரு தவம், ஆடியில் போனால் கொஞ்சம் எளிது. நம் நாட்டில் இதற்கென்று வைத்திருக்கும் வழக்கமான பட்டியலிலேயே பார்த்தீனியமும் இருக்கிறது. தும்மல், தடிப்பு வகைக்கு முன்கையில் லேசாகக் குத்திப் பதினைந்து இருபது நிமிடத்தில் பார்த்துவிடுவார்கள். அதற்குச் சில நாள் முன்பே அலர்ஜி மாத்திரையை நிறுத்த வேண்டியிருக்கும், எத்தனை நாள் என்று முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள்.

மெடிக்கல் ஷாப்பில் "சொறிக்கு ஒரு கிரீம்" என்று கேட்டு வாங்குவதைத் தயவுசெய்து விட்டுவிடுங்கள். அப்படிக் கிடைக்கும் பல கிரீம்களில் வீரியமான ஸ்டீராய்டு கலந்திருக்கும். இரண்டு நாளில் அரிப்பு நிற்கும், அதனால்தான் பிடித்துப் போகிறது. மாதக்கணக்கில் போட்டால் தோல் மெலியும். அது படர்தாமரையாக இருந்தால் உள்ளுக்குள் பரவி அடையாளமே தெரியாமல் போகும். டாக்டர் எழுதிய ஸ்டீராய்டை அவர் சொன்ன நாளுக்குப் போடுவதில் தப்பில்லை.

நர்சரியில்

புதிதாகச் செடி வாங்கும்போது பூவைப் பார்த்து மயங்காமல், ஒரு இலைக்காம்பை ஒடித்துக் காட்டச் சொல்லுங்கள். பால் இருந்தால் நடைபாதையோரம், குழந்தை ஓடும் முற்றம், துணி காயப்போடும் கொடிக்கடி, இங்கெல்லாம் வேண்டாம். பின்பக்க மதிலோரம் போகட்டும். முன்வாசலுக்குத் தெற்றி, செம்பருத்தி, பவளமல்லி, பிச்சிக்கொடி தாராளம். வேலி அடர்த்தியாக வேண்டுமென்றால் தெற்றியை ஒன்றரை அடி இடைவெளியில் நட்டு இரண்டு மழை பொறுங்கள். மல்லிகைச் செடியோ பிச்சியோ நர்சரியிலிருந்து வந்த முதல் இரண்டு வாரம் பூவைத் தலையில் வைக்க வேண்டாம், என்ன மருந்து அடித்திருப்பார்கள் என்று நமக்குத் தெரியாது.

பழைய வீட்டில் ஏற்கெனவே நிற்கும் அலமாண்டாவையும் அரளியையும் பிடுங்க வேண்டுமா என்று கேட்பார்கள். தவழும் குழந்தை இருந்தால் மஞ்சள் அரளியைப் பிடுங்குங்கள். மற்றது நிற்கட்டும். பிடுங்குவது என்று முடிவு செய்தால், தூரை மழைக்குப் பிறகு மண் இளகியிருக்கும்போது எடுங்கள், வேர்த்துண்டு மிஞ்சினால் மறுபடி துளிர்க்கும்.